காட்சிக்குச் சொல் தருவோர்

நுழையும்முன்

காட்டையும் கடலையும் பனிநிலத்தையும் நேரில் சென்று காணும் வாய்ப்பு எல்லோர்க்கும் அமைவதில்லை. பனிக்கரடியையும் மலைக்கொரில்லாவையும் பலர் அறிந்திருப்பது இயற்கை ஆவணப்படங்களின் வழியாகவே ஆகும். அப்படங்களில் காட்சியோடு சேர்ந்து ஒலிக்கும் ஒவ்வொரு சொல்லுக்கும் பின்னால் ஓர் எழுத்தாளர் இருக்கிறார். அவருடைய பணி எத்தகையது, அதற்குரிய பயிற்சியும் பொறுப்பும் யாவை என்பவற்றை டேவிட் அட்டன்பரோவின் பணிவாழ்வை முன்வைத்து விளக்குகிறது இப்பாடம்.

பொய்யுரைத்த படம்

1958ஆம் ஆண்டு வால்ட் டிஸ்னி நிறுவனம் 'ஒயிட் வைல்டர்னெஸ்' என்னும் ஆவணப்படத்தை வெளியிட்டது. வடதுருவத்தை ஒட்டிய நிலங்களில் வாழும் உயிர்களைப் பற்றியது அப்படம். லெம்மிங் என்னும் சிறிய கொறிவிலங்குகள் கூட்டமாக ஓடிவந்து, செங்குத்தான கரையிலிருந்து நீரில் விழுந்து மடியும் காட்சி அதில் இடம்பெற்றது. அடக்கவியலாத ஓர் உந்துதல் அவற்றை ஆட்கொண்டு கடலை நோக்கிச் செலுத்துவதாகப் பின்னணிக் குரல் விளக்கியது. சிறந்த ஆவணப்படத்திற்கான ஆஸ்கர் விருதையும் அப்படம் பெற்றது.

கனடா நாட்டுத் தொலைக்காட்சி நிகழ்ச்சி ஒன்று 1982இல் உண்மையை வெளிக்கொணர்ந்தது. அக்காட்சி எடுக்கப்பட்ட ஆல்பர்ட்டா மாநிலத்திற்குக் கடற்கரையே இல்லை. படப்பிடிப்பு நடந்த பகுதி லெம்மிங்குகளின் வாழிடமும் அன்று. வேறொரு மாநிலத்திலிருந்து விலைக்கு வாங்கிவந்த விலங்குகளைச் சுழலும் மேடைமீது ஓடவிட்டுப் பெருங்கூட்டம்போலக் காட்டியிருந்தனர். இறுதியில் அவற்றை ஆற்றுக்குள் தள்ளியிருந்தனர்.

லெம்மிங்குகளின் எண்ணிக்கை சில ஆண்டுகளுக்கு ஒருமுறை மிகுதியாகப் பெருகிப் பின்னர் சரிவது இயற்கை. பெருகிய காலத்தில் அவை உணவும் இடமும் தேடிப் பரவிச் செல்கின்றன. வழியில் எதிர்ப்படும் நீர்நிலைகளைக் கடக்க முயலும்போது சில மூழ்கி இறக்கின்றன. உயிரை மாய்த்துக்கொள்ளும் நோக்கம் எதுவும் அவற்றிற்கு இல்லை.

அப்படத்தில் காட்சி புனையப்பட்டது. அதற்குப் பொருள் தந்த சொல்லோ புனைவை நிலைநிறுத்தியது. சொல் இல்லையேல் அது நீரில் விழும் சில விலங்குகளின் காட்சியாக மட்டுமே நின்றிருக்கும். ஓர் உயிரினத்தின் இயல்பே அதுதான் என்று உலகை நம்பச் செய்தது பின்னணி உரையே. பொய் வெளிப்பட்ட பின்னரும் அந்நம்பிக்கை முற்றிலும் அகலவில்லை. கூட்டத்தைப் பின்பற்றிக் கண்மூடி அழிவைத் தேடுவோரை லெம்மிங்குகளுக்கு ஒப்பிடும் வழக்கம் மேலைநாடுகளில் இன்றும் உள்ளது. காட்சிக்குச் சொல் எழுதுபவர் எத்துணைப் பெரிய பொறுப்பை ஏற்கிறார் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

குளக்கரைக் கல்வி

இப்பொறுப்பை உணர்ந்து எழுபது ஆண்டுகளுக்கும் மேலாக எழுதியும் பேசியும் வருபவர் டேவிட் அட்டன்பரோ. இவர் 1926ஆம் ஆண்டு மே 8ஆம் நாள் இலண்டனில் பிறந்தார். தந்தை லெஸ்டர் நகரப் பல்கலைக்கழகக் கல்லூரியின் முதல்வர். 'காந்தி' திரைப்படத்தை இயக்கிய ரிச்சர்டு அட்டன்பரோ இவருடைய தமையன்.

கல்லூரி வளாகமே இவருடைய விளையாட்டுக்களமாக இருந்தது. அங்குள்ள விலங்கியல் துறைக்கு நியூட் எனப்படும் நீர்நிலவாழ் உயிர்கள் தேவைப்படுவதைச் சிறுவயதில் அறிந்தார். ஒவ்வொன்றும் மூன்று பென்னி என விலை பேசி அவற்றைப் பிடித்துக் கொடுத்தார். துறையின் கட்டடத்தை அடுத்திருந்த குளத்திலிருந்தே அவற்றைப் பிடித்தார் என்பதுதான் சுவையான செய்தி. அருகில் இருப்பதை உற்று நோக்கும் பழக்கம் அப்போதே இவருக்கு வாய்த்திருந்தது.

லெஸ்டர் பகுதிப் பாறைகளில் புதைபடிவங்களைத் தேடிச் சேர்ப்பது இவருடைய பெருவிருப்பம். ஆயினும் அருகிலிருந்த சார்ன்வுட் காட்டின் மிகப் பழைய பாறைகளில் இவர் தேடவில்லை. அத்துணைப் பழைமையான பாறைகளில் உயிரின் தடயம் இருக்க முடியாது என்றே அக்கால அறிவியல் கூறியது. அதே பாறைகளில்தான் 1957இல் பள்ளி மாணவர்கள் ஒரு புதைபடிவத்தைக் கண்டனர். சார்னியா எனப் பெயரிடப்பட்ட அது, உயிர் தோன்றி வளர்ந்த வரலாற்றையே திருத்தி எழுதச் செய்தது. முடிந்த முடிபு என்று நம்பப்படுவதையும் மீண்டும் சோதிக்க வேண்டும் என்பதற்கு இந்நிகழ்வை அட்டன்பரோ பிற்காலத்தில் எடுத்துக்காட்டியிருக்கிறார்.

கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் கிளேர் கல்லூரியில் இவர் நிலவியலும் விலங்கியலும் பயின்றார். பின்னர்க் கடற்படையில் இரண்டாண்டுக் கட்டாயப் பணியை முடித்தார். அதன்பின் ஒரு பதிப்பகத்தில் சிறுவர்களுக்கான அறிவியல் பாடநூல்களைச் செப்பம் செய்யும் வேலையில் அமர்ந்தார். அவ்வேலையில் இவருக்கு மனநிறைவு கிட்டவில்லை. எனினும், அரிய செய்தியை எளிய சொல்லால் இளையோர்க்கு விளக்கும் பயிற்சிக்கு அது களமாக அமைந்தது.

மறுக்கப்பட்ட வேலை

1950இல் பி.பி.சி. வானொலியில் ஒரு வேலைக்கு விண்ணப்பித்தார், கிடைக்கவில்லை. ஆனால் அவ்விண்ணப்பம், புதிதாக வளர்ந்துகொண்டிருந்த தொலைக்காட்சிப் பிரிவில் பணியாற்றிய மேரி ஆடம்ஸ் என்பவரின் கண்ணில் பட்டது. அவர் அட்டன்பரோவைப் பயிற்சிக்கு அழைத்தார். அதுவரை தம் வாழ்நாளில் ஒரேயொரு தொலைக்காட்சி நிகழ்ச்சியை மட்டுமே பார்த்திருந்த இளைஞர், 1952இல் அத்துறையின் முழுநேரப் பணியாளர் ஆனார். பல் பெரிதாக இருப்பதாகக் கருதி, இவரைத் திரையில் தோன்றவிடத் தொடக்கத்தில் மேரி ஆடம்ஸ் விரும்பவில்லை.

1954இல் 'ஜூ குவெஸ்ட்' என்னும் தொடர் தொடங்கியது. இலண்டன் உயிரியல் பூங்காவிற்காக விலங்குகளைப் பிடித்துவரும் பயணங்களைக் காட்டியது அத்தொடர். முதற்பயணம் மேற்கு ஆப்பிரிக்காவிலுள்ள சியரா லியோன் நாட்டுக்கு அமைந்தது. அதைத் தொகுத்து வழங்கவேண்டிய பூங்கா அலுவலர் நோயுற்றதால், தயாரிப்பாளராக இருந்த அட்டன்பரோவே திரையில் தோன்ற நேர்ந்தது. அன்றைய தொலைக்காட்சித் துறையினர் 16 மி.மீ. படச்சுருளைத் தொழில்முறைக்கு ஏற்றதாக மதிக்கவில்லை. ஆயினும் காட்டுக்குள் சுமந்து செல்ல அந்தச் சிறிய கருவியே ஏற்றது என்று கூறி, அதனைப் பயன்படுத்த இவர் ஒப்புதல் பெற்றார். பயணங்களைப் பற்றி நூல்களும் எழுதினார்.

விலங்கைப் பிடித்துக் கூண்டில் அடைப்பது அக்காலத்தில் இயல்பான செயலாகக் கருதப்பட்டது. விலங்கை அதன் வாழிடத்திலேயே விட்டுவைத்து, காட்சியை மட்டும் கொண்டுவர வேண்டும் என்னும் எண்ணம் பின்னரே வலுப்பெற்றது. இத்துறையின் அறமும் ஆண்டுதோறும் வளர்ந்து வந்த ஒன்றாகும்.

பதவியைத் துறந்து எழுத்துக்கு

1965இல் பி.பி.சி.யின் இரண்டாம் அலைவரிசைக்கு அட்டன்பரோ பொறுப்பாளரானார். 1967இல் அந்த அலைவரிசை வண்ண ஒளிபரப்பைத் தொடங்கியது. வண்ணத்தின் வலிமையை உணர்த்தும் வகையில், கென்னத் கிளார்க் என்னும் கலை வரலாற்றறிஞரைக் கொண்டு 'சிவிலைசேஷன்' என்னும் 13 பகுதித் தொடர் உருவாக இவர் வழிவகுத்தார். ஒரு துறையில் ஆழ்ந்த அறிவுடைய ஒருவர், தாமே எழுதித் தாமே நேர்நின்று விளக்கும் நெடுந்தொடர் என்னும் வடிவம் இவ்வாறு நிலைபெற்றது. உயிர்களின் வரலாற்றையும் இவ்வடிவில் சொல்லலாம் என்னும் எண்ணம் அட்டன்பரோவின் உள்ளத்தில் வேரூன்றியது.

நிருவாகப் பணியில் இவர் மேலும் உயர்ந்தார். எனினும் கோப்புகளுக்கிடையே வாழ்நாளைக் கழிக்க மனம் ஒப்பவில்லை. 1972இன் இறுதியில் பதவி விலகினார். உயர்பதவியை விட்டு, எழுத்தும் பயணமும் கொண்ட நிலையற்ற வாழ்வைத் தம் 46ஆம் வயதில் தேர்ந்தெடுத்தார். அத்தெரிவின் பயனே 1979இல் ஒளிபரப்பான 'லைஃப் ஆன் எர்த்' என்னும் 13 பகுதித் தொடர்.

ஒரு தொடர் உருவாகும் முறை

இயற்கை ஆவணப்பட எழுத்தாளரின் பணி, படம் எடுத்து முடிந்தபின் தொடங்குவதன்று. முதலில் அவர் ஆய்வுக் கட்டுரைகளைப் படிக்கிறார். களத்தில் பல்லாண்டுகள் உழைத்த அறிவியலறிஞர்களைச் சந்திக்கிறார். எந்த உயிரினம், எந்தப் பருவத்தில், எங்கே, என்ன செய்யும் என்பதை அவர்களிடமிருந்தே அறிகிறார். அடுத்து, தொடரின் வாதத்தை வரிசைப்படுத்தி முன்வரைவு எழுதுகிறார். அதனைக் கையில் கொண்டே ஒளிப்பதிவாளர்கள் களம் புகுகின்றனர்.

'லைஃப் ஆன் எர்த்' தொடருக்கான உரையை அட்டன்பரோவே எழுதினார். கடலில் தோன்றிய எளிய உயிரில் தொடங்கி மனிதர் வரையிலான வரலாறு அதன் முதுகெலும்பு. ஓரிடத்தில் தொடங்கிய விளக்கத்தை மற்றொரு கண்டத்தில் நின்று தொடரவேண்டிய இடங்கள் அதில் பல உண்டு. எழுத்தில் தெளிவான திட்டம் இல்லாவிடில் அத்தகைய படப்பிடிப்பு இயலாது. ஒரு வகைத் தவளை தன் குஞ்சுகளை வாய்க்குள் அடைகாத்து வெளியே விடும் ஒரு நொடிக்காக, ஓர் ஒளிப்பதிவாளர் நூற்றுக்கணக்கான மணிநேரம் காத்திருந்தார். எதற்காகக் காத்திருக்க வேண்டும் என்பதை அவருக்குச் சொன்னது முன்வரைவேயாகும்.

படப்பிடிப்பு முடிந்ததும் படத்தொகுப்பு நடைபெறும். களத்திலிருந்து வந்த காட்சிகள் முன்வரைவை மீறியிருக்கலாம். எதிர்பார்த்தது கிடைக்காமலும் போயிருக்கலாம். தொகுக்கப்பட்ட காட்சிக்கேற்ப எழுத்தாளர் மீண்டும் எழுதுகிறார். அண்மைக்காலத் தொடர்கள் பலவற்றில் பின்னணி உரையின் முதல் வரைவைத் தயாரிப்பாளர்கள் எழுதுகின்றனர். அட்டன்பரோ அதனைத் தம் நடைக்கேற்பத் திருத்தி அமைத்த பின்னரே குரல் கொடுக்கிறார்.

கண் காணாததைச் சொல்லல்

பின்னணி உரைக்கென்று சில நெறிகள் உள்ளன. கண்ணுக்குத் தெரிவதைச் சொல் திரும்பச் சொல்லலாகாது என்பது அவற்றுள் முதன்மையானது. புழுதி பறக்க ஆப்பிரிக்க யானைகள் நடந்து வருவதாகக் கொள்வோம். 'யானைகள் வரிசையாக நடந்து வருகின்றன' என்று எழுதினால் அதனால் பயனில்லை. பார்ப்பவர் அதனை முன்பே அறிந்துவிட்டார். 'முன்னே செல்வது கூட்டத்தின் மூத்த பெண் யானை. முன்னொரு வறட்சியில் நீர் கிடைத்த இடம் அதன் நினைவில் உள்ளது' என்று எழுதினால், அதே காட்சி புதுப்பொருள் பெறுகிறது. காணும் கண்ணுக்கு எட்டாத காரணத்தையும் காலத்தையும் தருவதே சொல்லின் வேலை.

சொற்சுருக்கம் இரண்டாவது நெறி. அலையோசையும் பறவையின் குரலும் பேசுமிடத்தில் எழுத்தாளர் விலகி நிற்க வேண்டும். எழுதிய வரிகளுள் நல்லதொன்றையும், காட்சி அதனை வேண்டவில்லை எனில், நீக்கிவிடும் துணிவு அவருக்குத் தேவை.

மனித உணர்ச்சியை விலங்கின்மேல் ஏற்றாதிருத்தல் மூன்றாவது நெறி. சிங்கம் கொடியதும் அன்று. மான் அப்பாவியும் அன்று. சிங்கத்தின் வேட்டை முயற்சிகளுள் பெரும்பாலானவை தோல்வியில் முடிகின்றன என்பதை அறிந்தவர், பசித்த குட்டிகளின் பக்கமும் நின்று எழுதுவார். தாவரங்களை எழுதுவது இதனினும் கடினம். 1995இல் வெளிவந்த 'தி பிரைவேட் லைஃப் ஆஃப் பிளாண்ட்ஸ்' தொடரில், கால இடைவெளிவிட்டு ஒவ்வொரு சட்டமாகப் பதிவுசெய்யும் உத்தி கையாளப்பட்டது. முட்கொடி ஒன்று நிலத்தில் ஊன்றி ஊன்றி முன்னேறுவதைக் கண்ட மக்கள், அசையாதவை என்று எண்ணியிருந்த செடிகளின் போராட்டத்தை உணர்ந்தனர்.

எழுதியதைக் கைவிட்ட நேரம்

திட்டமிட்டு எழுதுவதைப் போலவே எழுதியதைக் கைவிடுவதும் இக்கலையின் பகுதி. 1978இல் ருவாண்டா நாட்டின் மலைக்காடுகளில் கொரில்லாக்களிடையே அட்டன்பரோ அமர்ந்தார். டயன் ஃபாசி என்னும் ஆய்வாளர் பல்லாண்டுகள் பழகி, மனிதரின் அருகாமையை ஏற்கச் செய்திருந்த கூட்டம் அது. கட்டைவிரல் பிற விரல்களுக்கு எதிராக மடங்குவதால் குரங்கினங்கள் பெற்ற நன்மையை அங்கே விளக்க வேண்டும் என்பதே திட்டம். ஆனால் பெரிய பெண் கொரில்லா ஒன்று அவரைத் தொட்டது. குட்டிகள் அவருடைய காலணிக் கயிற்றை இழுத்து விளையாடின. அந்நிலையில் கட்டைவிரல் பற்றிய பேச்சு பொருளற்றதாகிவிட்டது. கொரில்லாவோடு பரிமாறிக்கொள்ளும் பார்வையில் உள்ள புரிதலைப் பற்றியும், மூர்க்க விலங்கு என்று அதன்மேல் மனிதர் சுமத்திய பழியைப் பற்றியும் அவர் தாழ்ந்த குரலில் பேசினார். தொலைக்காட்சி வரலாற்றில் மறவாத காட்சிகளுள் ஒன்றாக அது நிலைபெற்றது.

மலைக்கொரில்லாக்கள் அன்று அழிவின் விளிம்பில் நின்றன. கள்ள வேட்டையைத் தடுக்கும் பணிகளும் மருத்துவக் கண்காணிப்பும் தொடர்ந்ததால் அவற்றின் எண்ணிக்கை இன்று 1,000ஐக் கடந்துள்ளது. அதற்கான உழைப்பு வனக்காவலர்களுக்கும் ஆய்வாளர்களுக்கும் உரியது. எனினும், அவ்வுழைப்புக்கு உலகின் ஆதரவைத் திரட்டியதில் இத்தகைய காட்சிகளுக்கும் சொற்களுக்கும் பங்குண்டு.

தெரிந்து தெளிவோம்

தொலைவிலிருந்து படம்பிடிக்கும்போது விலங்கின் காலடி ஓசை ஒலிவாங்கிக்கு எட்டுவதில்லை. எனவே பல ஒலிகள் பின்னர்ப் பதிவுக்கூடத்தில் உருவாக்கப்பட்டுச் சேர்க்கப்படுகின்றன. அவ்வாறே, திரையில் சில நிமிடங்கள் ஓடும் வேட்டைக்காட்சி, பல நாள்களில் எடுத்த காட்சிகளின் தொகுப்பாகவும் இருக்கக்கூடும்.

உண்மையின் எல்லை

காட்சிகளை இணைத்து அமைப்பது எங்கே முடிகிறது, பொய் எங்கே தொடங்குகிறது என்பது இத்துறையின் தீராத வினா. 2011இல் ஒளிபரப்பான 'ஃப்ரோசன் பிளானட்' தொடரில், பனிக்குகைக்குள் பனிக்கரடி குட்டிகளோடு இருக்கும் காட்சி இடம்பெற்றது. அது நெதர்லாந்து நாட்டு விலங்குக் காப்பகம் ஒன்றில் எடுக்கப்பட்டது என்பதை அறிந்தபோது சிலர் கண்டித்தனர். இயற்கையான குகைக்குள் ஒளிப்படக் கருவியை நுழைத்தால் தாய் குட்டிகளைக் கொல்லவோ கைவிடவோ கூடும். காட்சியின் நடுவே அச்செய்தியைச் சொன்னால் ஒன்றிப் பார்க்கும் உணர்வு கலையும் என்று அட்டன்பரோ விளக்கமளித்தார். எடுத்த விதம் இணையத்தளத்தில் முன்பே கூறப்பட்டிருந்ததையும் பி.பி.சி. சுட்டிக்காட்டியது.

லெம்மிங் காட்சிக்கும் இதற்கும் வேறுபாடு உண்டு. பனிக்கரடி குகைக்குள் உண்மையிலேயே அவ்வாறுதான் குட்டிகளை வளர்க்கிறது. லெம்மிங்குகளோ அவ்வாறு சாவதில்லை. எனினும் காண்போரின் நம்பிக்கை எளிதில் உடையக்கூடியது. எங்கே, எப்படி எடுக்கப்பட்டது என்பதைச் சொல்லிவிடுவதே அந்நம்பிக்கையைக் காக்கும் வழி என்னும் கருத்து அதன்பின் வலுப்பெற்றது. காட்சி எடுத்த விதத்தைத் தொடரின் இறுதியில் தனிப்பகுதியாகக் காட்டும் வழக்கமும் அத்தகைய வெளிப்படைத்தன்மைக்குத் துணைசெய்கிறது.

சொல்லாமல் விடுவதும் பிழையாகலாம்

பொய் சொல்லாதிருப்பது மட்டுமே உண்மையாகிவிடாது. அழகிய காடுகளையும் கடல்களையும் மட்டுமே தொடர்ந்து காட்டினால், உலகில் எல்லாம் நலமாகவே உள்ளன என்று காண்போர் எண்ணக்கூடும். அட்டன்பரோவின் படங்கள்மீதும் இக்குறை நெடுங்காலம் கூறப்பட்டது. முதலில் உயிர்களின்மேல் அன்பு பிறக்க வேண்டும். அறியாத ஒன்றைக் காக்க எவரும் முன்வரமாட்டார் என்பது அவருடைய நிலைப்பாடு. ஆயினும், பிற்காலப் படைப்புகளில் அழிவைப் பற்றிய பேச்சு அழுத்தம் பெற்றது.

2017இல் வந்த 'புளூ பிளானட் 2' தொடரில், ஆல்பட்ராஸ் பறவைகள் கடலிலிருந்து இரையென்று எண்ணி நெகிழித் துண்டுகளைக் கொண்டுவந்து குஞ்சுகளுக்கு ஊட்டியது காட்டப்பட்டது. நெகிழிப் பற்குச்சி வயிற்றைத் துளைத்ததால் ஒரு குஞ்சு இறந்தது. இக்காட்சிக்குப் பின் பிரித்தானியாவில் நெகிழிப் பயன்பாடு பற்றிய விவாதம் வீடுதோறும் எழுந்தது. 2020இல் வெளிவந்த 'எ லைஃப் ஆன் அவர் பிளானட்' என்னும் படத்தைத் தம் சாட்சியம் என்றே அட்டன்பரோ குறிப்பிட்டார். தம் சிறுவயதில், 1937இல், உலகின் 66 விழுக்காடு நிலம் மனிதக் கை படாததாக இருந்தது என்றும், 2020இல் அது 35 விழுக்காடாகக் குறைந்துவிட்டது என்றும் அப்படம் கணக்குக் காட்டியது. 2021இல் கிளாஸ்கோ நகரில் நடைபெற்ற காலநிலை மாநாட்டில் உலகத் தலைவர்கள்முன் அவர் உரையாற்றினார். 2025 மே 8ஆம் நாள், அவருடைய 99ஆம் பிறந்தநாளன்று, 'ஓஷன்' என்னும் படம் வெளியானது. இழுவைமடி கடலடித் தரையை வழித்துச் செல்வதை அது நீருக்கடியிலிருந்தே காட்டியது.

இத்துறையை நாடுவோர்க்கு

இயற்கை ஆவணப்பட எழுத்தாளராவதற்கு ஒரே பட்டம், ஒரே பாதை என்று எதுவும் இல்லை. விலங்கியல், தாவரவியல், சூழலியல் பயின்றவரும் வரலாம். இதழியலும் திரைக்கலையும் பயின்றவரும் வரலாம். உயிரியல் அறிந்தவர் எழுதக் கற்க வேண்டும். எழுத வல்லவர் உயிரியல் கற்க வேண்டும். நாள்தோறும் குறிப்பெடுக்கும் பழக்கம், ஐயம் எழும்போது அறிஞரை நாடும் பணிவு, கிடைக்காத காட்சிக்காகக் காத்திருக்கும் பொறுமை ஆகியவை இருவர்க்கும் பொதுவானவை. வருவாய் சீராக அமையாத ஆண்டுகளும் இத்துறையில் உண்டு என்பதை அறிந்தே இறங்க வேண்டும்.

விலங்குகளுக்குத் தம்மைப் பற்றி எழுதப்பட்டதைப் படிக்கவும் மறுக்கவும் இயலாது. லெம்மிங்குகள் தம்மேல் விழுந்த பழியை அறியமாட்டா. கொரில்லாக்கள் தம் பழி துடைக்கப்பட்டதையும் அறியமாட்டா. மறுத்துரைக்க இயலாத உயிர்களைப் பற்றி எழுதுபவருக்கு, தாம் எழுதிய ஒவ்வொரு வரியையும் தாமே சோதிக்கும் கடமை இரு மடங்காகிறது.

கற்பவை கற்றபின்

1. உங்கள் ஊரில் காணும் பறவை அல்லது பூச்சி ஒன்றினை ஒரு வாரம் உற்றுநோக்கிக் குறிப்பெடுக்க. அதனைக் கொண்டு ஒரு நிமிடக் காட்சிக்குரிய பின்னணி உரை எழுதுக.

2. இயற்கை ஆவணப்படம் ஒன்றின் ஒரு பகுதியை முதலில் ஒலியின்றியும் பின்னர் ஒலியுடனும் காண்க. சொல்லால் காட்சியின் பொருள் எவ்வாறு மாறுகிறது என்பதை வகுப்பறையில் எடுத்துரைக்க.

3. 'காட்சி எடுக்கப்பட்ட விதத்தைப் படத்திலேயே அறிவிக்க வேண்டும்' என்னும் தலைப்பில் இரு குழுக்களாகப் பிரிந்து கலந்துரையாடுக.